யார் மூட்டை யார் முதுகில்

நெடுங்கல் மலையின் அடிவாரத்தில் ஓர் அம்மா இருந்தார். ஊர்க்காரர்கள் அவரை நடையம்மா என்பார்கள். பிரசங்கம் செய்ய மாட்டார், விபூதி கொடுக்க மாட்டார். வருஷத்தில் பாதி நாள் மலைமேல் நடந்துகொண்டிருப்பார். மீதி நாள் ஓட்டு வீட்டு வாசலில் உட்கார்ந்து பிய்ந்த செருப்புக்குத் தையல் போட்டுக்கொண்டிருப்பார். கேள்வியோடு வருகிறவர்களை மலைக்குக் கூட்டிப் போவார். அவர் செய்த உபதேசம் அவ்வளவுதான். சில பேர் தெளிவோடு இறங்கி வந்தார்கள். சில பேர் முழங்கால் வலியோடு இறங்கி வந்தார்கள்.

சென்னியப்பன் அங்கே வந்து சேர்ந்தபோது அவருக்கு ஐம்பத்தைந்தைத் தாண்டியிருந்தது. அம்மாவைவிடப் பத்துப் பன்னிரண்டு வயது மூத்தவர். லாரி ஓட்டிய மனுஷன். கட்டைக் குரல், புடைத்த தோள். பார்த்தால் யாரும் ஒதுங்கி வழிவிடுவார்கள். அப்பேர்ப்பட்டவர் வாசலில் நிற்கும்போது கை நடுங்கிக்கொண்டிருந்தது.

"உக்காருங்கண்ணா. என்ன விஷயம்?"

"பயமுங்க அம்மா."

"எதுக்கு?"

"பசிக்கு."

நடையம்மா ஊசியை நிறுத்தினார். பேய்க்குப் பயந்தவர்கள் வந்திருக்கிறார்கள். சாவுக்குப் பயந்தவர்கள் வந்திருக்கிறார்கள். மாமியாருக்குப் பயந்து ஒருத்தி வந்து ஒரு வாரம் தங்கிவிட்டுப் போனாள். பசிக்குப் பயந்து வந்தவர் இவர்தான் முதல் ஆள்.

சென்னியப்பன் சொன்னார். ஒரு மழைக்காலத்தில் மலைப்பாதையில் மண் சரிந்து, முன்னாலும் போக முடியாமல் பின்னாலும் போக முடியாமல், லாரிக்குள் தனியாக மாட்டிக்கொண்டார். கொண்டுபோன பிஸ்கட் முதல் நாளே தீர்ந்தது. மழை விடவில்லை. ஆள் வரவில்லை. கடைசியில் திருஷ்டிக்காக லாரியின் முகப்பில் கட்டித் தொங்கவிட்டிருந்த எலுமிச்சம்பழத்தை அவிழ்த்து, தூசியும் புகையும் படிந்த அந்தப் பழத்தைத் தோலோடு தின்றார். அதற்குப் பிறகுதான் ஆட்கள் வந்து மீட்டார்கள்.

"உசுரு பொழைச்சுக்கிட்டேனுங்க. ஆனா அன்னையிலிருந்து மடியில ஏதாச்சும் இல்லாம என்னால இருக்க முடியறதில்லை. வயிறு லேசாக் காஞ்சாப் போதும், கை வெடவெடன்னு ஆடும். ரெண்டு பொட்டுக்கடலையாவது வாயில போட்டாத்தான் நிக்கும்."

"போட்டுக்குங்க. யாரு வேண்டாங்கறா?"

சென்னியப்பன் தலையைக் குனிந்துகொண்டார்.

"போன மாசம் எங்க அக்கா தவறிட்டாங்க. அம்மா மாதிரி என்னை வளத்தவங்க. வாய்க்கரிசி போட எல்லாரும் வரிசையா நிக்கறோம். எனக்கு நடுக்கம் வந்துருச்சு. ஒரு கையில அரிசிய வெச்சுக்கிட்டு, இன்னொரு கையால மடியில இருந்து எடுத்து என் வாயில போட்டு மென்னுட்டேன். அக்கா மகன் பாத்துட்டான். ஒண்ணும் பேசல. ‘மாமா, நீங்க வண்டியேறிப் போயிருங்க’ன்னு மட்டும் சொன்னான்."

நடையம்மா செருப்பையும் ஊசியையும் ஒதுக்கி வைத்தார்.

"இது போகணுமுங்க. எப்படிப் போகும்?"

"மலைக்குப் போலாம். மூணு நாள் நடை. சாப்பாட்டுக்கு நீங்கதான் ஏற்பாடு."

மலையில் கடை கிடையாது, குடிசை கிடையாது. ஆனால் சாப்பாடு தன் பொறுப்பு என்றதும் சென்னியப்பனுக்குக் கொஞ்சம் ஆறுதல். தன் கையால் கட்டினால் குறை வைக்க மாட்டோம் என்று அவருக்குத் தெரியும்.

அடுத்த நாள் காலையில் ஒரு கோணிப்பையைக் கொண்டுவந்து வைத்தார். உள்ளே அடுக்குத் தூக்கு நிறையப் புளிசோறு. முறுக்கு ஒரு டப்பா, அதிரசம் ஒரு டப்பா. ஒரு சீப்பு நேந்திரம்பழம். அரிசி, பருப்பு, சட்டி, ஊறுகாய் ஜாடி. கல்யாண வீட்டுப் பந்திக்குப் போதும்.

நடையம்மா பையைத் திறந்துகூடப் பார்க்கவில்லை.

"தூக்கிக்கிட்டு அந்த மேட்டுல இருக்கற பாறை வரைக்கும் போய்ட்டு வாங்க."

போனார். திரும்பி வரும்போது மூச்சு இரைத்தது, சட்டை நனைந்திருந்தது.

"என்ன சாப்ட்டீங்க?"

"எங்கீங்க சாப்பிட்டேன்? சொமந்தேன்."

"மலையிலயும் அதையேதான் செய்வீங்க."

மறுநாள் வேறு பை. இந்த முறை பொரியும் அவலும் மட்டும். ஒரு விரலால் தூக்கலாம்.

"இது காத்தாட்ட இருக்குதுங்க," என்றார் சென்னியப்பன் பெருமையாக.

நடையம்மா ஒரு பிடிப் பொரியை எடுத்து மென்றார்.

"வயிறு ரொம்பிரும். காலுக்கு?"

"காலுக்குங்களா?"

"வயிறு ரொம்பறது வேற, கால் நடக்கறது வேற. கனம் கம்மியா இருக்கணும், தெம்பு நின்னு வரணும். நடக்கறப்பவே வாயில போட்டுக்கற மாதிரி கொஞ்சம். உக்கார்ந்து கரைச்சுக் குடிக்கற மாதிரி கொஞ்சம். வேத்துக் கொட்டும், அதனால உப்பு கொஞ்சம். ஒரே வேளையில திங்காம, ஏறயில ஏறயில கொஞ்சங் கொஞ்சமாத் திங்கணும். பசி வந்தப்பறம் தின்னா லேட்டு."

அந்தக் கடைசிப் பேச்சு சென்னியப்பனுக்குத் தேனாக இனித்தது. ஊரே சிரித்த பழக்கத்தை இந்த அம்மா நியாயம் என்கிறாரே! உற்சாகமாகிவிட்டார். நிலக்கடலையை வறுத்துத் தோல் புடைத்தார். எள்ளுருண்டை பிடித்தார். கம்பை வறுத்துத் திரித்து, வெல்லமும் சுக்கும் சேர்த்து மாவாக்கினார். கொப்பரையைச் சன்னமாகச் சீவினார். பேரீச்சையைக் கொட்டை நீக்கினார். உப்பு போட்டுக் காயவைத்த நெல்லி வத்தலைத் துணியில் முடிந்தார். ஒவ்வொன்றையும் உள்ளங்கையில் வைத்துத் தூக்கிப் பார்த்து, அந்தக் கனத்துக்கு எது அதிக நேரம் தாங்கும் என்று யோசித்தார். எத்தனையோ வருஷமாக லாரியில் பாரம் ஏற்றியவர். அந்தக் கணக்கு அவருக்குச் சீக்கிரமே பிடிபட்டது.

"இப்பச் சரி," என்றார் நடையம்மா. "ரெண்டு மூட்டையாக் கட்டுங்க. ஒண்ணு உங்களுக்கு, ஒண்ணு எனக்கு."

அன்று சாயங்காலம் சென்னியப்பன் தனியாக உட்கார்ந்து மூட்டை கட்டினார். முதலில் தன்னுடையது. கடலை, எள்ளுருண்டை, கொப்பரை, பேரீச்சை, மாவு, நெல்லி வத்தல். இன்னும் கொஞ்சம் கடலை. இன்னும் இரண்டு உருண்டை. மூன்று நாளில் ஏதாவது ஆகிவிட்டால்? இன்னும் கொஞ்சம் கொப்பரை. மூட்டை கைக்கு அடக்கமாக, திடமாக இருந்தது.

பிறகு அம்மாவுடையது. பார்த்தால் தட்டில் அவ்வளவாக மீதி இல்லை.

சென்னியப்பன் யோசித்தார். தவசி அவர். ஒரு வாய்த் தண்ணீர் குடித்துவிட்டு நாள் முழுக்க நடப்பார் என்று ஊரில் பேச்சு. அதுவும் பெண்பிள்ளை, கனம் ஏற்றலாமா? பாவம். இப்படி நியாயம் சொல்லிக்கொண்டே பொரியை நிறையப் போட்டு, ஓர் அச்சு வெல்லத்தை வைத்து, மேலாக ஒரு கை கடலையைத் தூவி முடிச்சுப் போட்டார். மனுஷனுக்கு நியாயம் மட்டும் எந்தப் பஞ்சத்திலும் குறையாது பாருங்கள்.

மாசி மாசத்து விடிகாலை. வானம் துடைத்துவிட்டது போல இருந்தது. முதல் படிக்கல்லில் கால் வைக்கும் முன்னால் நடையம்மா நின்றார்.

"உங்க மூட்டைய என்கிட்டக் குடுங்க. என் மூட்டைய நீங்க எடுத்துக்குங்க."

சென்னியப்பனுக்குப் புரியவில்லை.

"இந்த மலையில அப்படித்தான். அவங்கவங்க சோத்த அவங்கவங்க சொமக்கறதில்லை. ஒருத்தர் சோறு இன்னொருத்தர் முதுகுல. சொமக்கறவங்க அதுல இருந்து திங்கக் கூடாது. குடுக்கத்தான் செய்யணும்."

"யாருங்க இப்படி வெச்சாங்க?"

"எனக்கு முன்னால நடந்தவங்க."

சென்னியப்பன் மூட்டையைக் கழற்றிக் கொடுத்தார். கொடுத்த கை சட்டென்று விலகவில்லை. அம்மா பொறுமையாக நின்றார். அப்புறம் சென்னியப்பனின் வேட்டி மடியைப் பார்த்தார்.

"அதுல என்ன?"

"ஒண்ணுமில்லீங்க. கொஞ்சம் பொட்டுக்கடலை."

"அந்தக் கல்லு மேல வெச்சிட்டு வாங்க. அணில் திங்கட்டும்."

இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக மடி காலியானது. சென்னியப்பனுக்கு நடுத்தெருவில் வேட்டி அவிழ்ந்த மாதிரி இருந்தது. முன்னால் போகும் அம்மாவின் முதுகில் தன் மூட்டை ஆடுவதைப் பார்த்தபடியே ஏறினார். அந்த மூட்டையைத் தவிர மலையில் வேறு எதுவும் அவர் கண்ணில் படவில்லை.

ஆனால் அம்மா அவரைத் தவிக்க விடவில்லை. வயிறு கிள்ளும் முன்னாலேயே நின்று, முடிச்சை அவிழ்த்து, ஒரு துண்டு கொப்பரையும் நாலு கடலையும் எடுத்து நீட்டினார். ஏற்றத்துக்கு முன்னால் ஓர் எள்ளுருண்டை. வேர்த்தால் ஒரு நெல்லி வத்தல். கேட்கவே வேண்டியிருக்கவில்லை.

சென்னியப்பன் பதிலுக்குப் பொரி கொடுத்தார். அம்மா வாங்கித் தின்றார். அதைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் தேவலை என்று சென்னியப்பனுக்கு இருந்தது. அவர் தன் எள்ளுருண்டையைத் திரும்பி நின்று தின்றார்.

முதல் ராத்திரி ஒரு குகையில் கழிந்தது. இரண்டாம் நாள் மத்தியானம் சோலைக்காட்டுக்குள் நுழைந்தபோது அம்மா சட்டென்று கையைத் தூக்கினார்.

பாதையில் யானைச் சாணம் கிடந்தது. அதிலிருந்து ஆவி வந்துகொண்டிருந்தது.

"பெரியவர் பக்கத்துல இருக்காரு," என்றார் கிசுகிசுப்பாக. மலையில் யானை என்று வாய்விட்டுச் சொல்ல மாட்டார்கள். "பேசாம வாங்க. ஒருவேளை பிரிஞ்சுட்டா, மேல மொட்டைப்பாறைக்கு வந்துருங்க. நான் அங்க இருப்பேன்."

நாலு எட்டு வைத்திருப்பார்கள். மூங்கில் படாரென்று முறிந்தது. சென்னியப்பன் பார்த்தது ஒரு காதையும் ஒரு தந்தத்தையும்தான். அதற்கு மேல் பார்க்க அவர் நிற்கவில்லை. கால் எந்தப் பக்கம் கொண்டுபோனதோ அந்தப் பக்கம் ஓடினார். முள் கிழித்தது, செருப்பு ஒன்று போனது, விழுந்தார், எழுந்தார், சரிவில் உருண்டார். ஒரு மரத்தின் வேரைப் பிடித்துக்கொண்டு நின்றபோது காடு மறுபடி அமைதியாக இருந்தது.

அம்மாவைக் காணவில்லை. கூப்பிடலாமா? கூப்பிட்டால் பெரியவர் வந்துவிட்டால்? வாயைக் கையால் பொத்திக்கொண்டார்.

அப்போதுதான் பனிமூட்டமாக மஞ்சு இறங்கியது. மாசியில் யாரும் எதிர்பார்க்காத மஞ்சு. மலை உச்சியிலிருந்து வெள்ளையாக வந்து மரத்தை மூடியது, பாதையை மூடியது, நீட்டிய கையையும் மூடியது. கூடவே ஊசித் தூறல். சென்னியப்பன் வேரோடு ஒட்டிக்கொண்டார். எங்கேயோ ஒரு கிளை முறிந்தது. எங்கேயோ ஏதோ மூச்சு விட்டது. அது தன்னுடைய மூச்சா என்று நிறுத்திப் பார்த்தார். தன்னுடையதுதான். அது தெரிந்தும் பயம் குறையவில்லை.

நேரம் போனது. வயிறு கிள்ள ஆரம்பித்தது.

முதலில் விரல் நுனி ஆடியது. பிறகு மணிக்கட்டு. பிறகு முழங்கால். பழைய விருந்தாளி வந்துவிட்டான். கை தானாக மடிக்குப் போனது. மடியில் ஒன்றுமில்லை. மறுபடி போனது. மறுபடியும் ஒன்றுமில்லை. லாரியின் கண்ணாடியில் மழை ஓடுவது கண் முன்னால் வந்தது. இங்கே ஆட்களும் வர மாட்டார்கள், அவிழ்த்துத் தின்ன எலுமிச்சம்பழமும் இல்லை. "செத்தேன்" என்று வாய்விட்டே சொன்னார்.

முதுகில் மூட்டை இருப்பது அப்புறம்தான் நினைவு வந்தது.

அவசர அவசரமாக முடிச்சைப் பல்லால் கடித்து இழுத்தார். உள்ளே பொரி. அவ்வளவுதான். கொஞ்சம் வெல்லம், அடியில் ஒதுங்கிக் கிடந்த கொஞ்சம் கடலை. இரண்டு நாளாகக் கொடுத்தது போக மிச்சம் அதுதான். சென்னியப்பன் அதைப் பார்த்தபடி இருந்தார். இதை வைத்துக்கொண்டா ஓர் ஆள் மூன்று நாள் மலை ஏறுவது? யார் கட்டின மூட்டை இது? மண்டையில் அறைந்துகொள்ளலாம் போல இருந்தது.

ஒரு பிடி அள்ளினார். வாய்க்குப் பக்கத்தில் கொண்டுபோனார்.

அம்மாவுக்கு என்ன குறை, அவர் முதுகில்தான் நம் மூட்டை இருக்கிறதே, கொப்பரையும் உருண்டையுமாக, என்று நினைத்தார். நினைத்த மாத்திரத்தில் கை நின்றது.

அவர் தின்ன மாட்டார். சுமக்கிறவர் தின்னக் கூடாது என்று சொன்னவரே அவர்தான். சொன்னால் சொன்னதுதான். கொப்பரையை முதுகில் கட்டிக்கொண்டு பட்டினியாக உட்கார்ந்திருப்பார். இந்தக் குளிரில். நேற்றிலிருந்து பொரியைத் தின்ற வயிற்றோடு. அவருக்கும் இப்படித்தான் கை ஆடுமோ? அவருக்கும் கண் இருட்டுமோ?

தன் உடம்பில் என்னென்ன நடக்கிறதோ அத்தனையும் அங்கே ஒரு பாறையடியில் அந்த அம்மாவுக்கும் நடப்பதாகச் சென்னியப்பனுக்குத் தோன்றியது.

மஞ்சு ஒரு பக்கம் லேசாக விலகியது. கீழே, வெகு தூரத்தில், அடிவாரத்து ஊரின் கூரைகள் தெரிந்தன. ஒரு பஸ் ஹாரன் அடிப்பதுகூடக் கேட்டது. அந்தச் சரிவில் இறங்கினால் பொழுது விழுவதற்குள் ஊர். ஊரில் டீக்கடை. டீக்கடையில் பன்னு. சென்னியப்பன் அந்த ஹாரன் சத்தத்தைக் கேட்டபடி வெகுநேரம் நின்றார். ஓடிப்போய் ஆட்களைக் கூட்டி வரலாமே, அதுதான் புத்திசாலித்தனம் என்று பழைய நியாயம் ஒன்று தலையெடுத்தது. ஆட்கள் வர விடிந்துவிடும். அதுவரை அந்த அம்மா?

அள்ளிய பொரியை மூட்டைக்குள் போட்டார். விரலில் ஒட்டியிருந்ததையும் உதறிப் போட்டார். தூறலில் நனையாமல் இருக்கச் சட்டையைக் கழற்றி மூட்டையைச் சுற்றினார். மஞ்சுக்குள் ஏற ஆரம்பித்தார்.

அந்த ஏற்றத்தை அவர் எப்படி ஏறினார் என்று கேட்டால் அவருக்கே சொல்லத் தெரியாது. பாதி நேரம் நான்கு காலில் போனார். கல்லைப் பிடித்தால் கல் கையோடு வந்தது. கை ஆடியது, கால் ஆடியது, பல் கிட்டியது. "பர்ஸ்ட் கியர்ல போ, பர்ஸ்ட் கியர்ல போ, வண்டி நின்னுரக் கூடாது," என்று தனக்கே சொல்லிக்கொண்டார். மூங்கில் புதரைக் கடக்கும்போது அந்த நாற்றம் வந்தது, யானை நாற்றம், மூக்குக்குப் பக்கத்தில். உடம்பு மரத்துப்போய்ச் சற்று நேரம் படுத்தே கிடந்தார். எழுந்து ஓடு என்றது கால். அந்த அம்மா எத்தனை நேரமாகச் சாப்பிடவில்லையோ என்றது மனசு. மார்போடு மூட்டையை அணைத்துக்கொண்டு, வயிற்றால் ஊர்ந்து அந்தப் புதரைக் கடந்தார். அழுகை வந்தது. சத்தம் வராமல் அழுதார்.

பொழுது மங்கும் நேரத்துக்கு மொட்டைப்பாறை தட்டுப்பட்டது. பாறைக்குக் கீழே ஏதோ அசைந்தது. கருமுரு கருமுரு என்று சத்தம் கேட்டது. சென்னியப்பன் சட்டென்று குனிந்தார். கரடி என்று நினைத்தார்.

கரடி இல்லை. நடையம்மாதான். ஒரு காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். கணுக்கால் பூசணிக்காய் போல வீங்கியிருந்தது. மடியில் சென்னியப்பனின் மூட்டை திறந்து கிடந்தது. அம்மா எள்ளுருண்டையைக் கடித்துக்கொண்டிருந்தார்.

சென்னியப்பன் அப்படியே நின்றுவிட்டார்.

அம்மா நிமிர்ந்து பார்த்தார். அவர் கண்ணிலும் முதலில் பயம்தான் இருந்தது. ஆள் யாரென்று தெரிந்ததும் வாய் திறந்தபடி நின்றது. உருண்டை பாதி உள்ளே, பாதி வெளியே.

"தின்னுட்டீங்களா!" சென்னியப்பனின் கட்டைக் குரல் மலையில் மோதித் திரும்பியது. யானை, கரடி எல்லாம் மறந்துபோனது. "தின்னுக்கிட்டா இருக்கீங்க! நீங்க பட்டினியாக் கெடப்பீங்கன்னு நான் உசுரக் கையில புடிச்சுக்கிட்டு வந்தா, நீங்க இங்க உக்காந்து... சொமக்கறவங்க திங்கக் கூடாதுன்னு யாருங்க சொன்னது?"

"நான்தான்."

"அப்பறம்?"

"பசிச்சுதுங்கண்ணா. கால் ஒடிஞ்ச மாதிரி ஆயிருச்சு. குளிர் வேற. நீங்க கீழ எறங்கிருப்பீங்கன்னு நெனச்சேன்."

"நானா?"

"ஆமா. வர மாட்டீங்கன்னு நெனச்சுட்டேன். பயமாப் போச்சு. சும்மா எதுக்குச் சாகணும்னு முடிச்ச அவுத்தேன்." அம்மா மூட்டையை அவர் பக்கம் தள்ளினார். "நான் நெனச்சது தப்பு. மன்னிச்சிருங்க."

சென்னியப்பனுக்குக் கோபம் இருந்த இடம் தெரியவில்லை. பொத்தென்று உட்கார்ந்தார். அம்மா கொப்பரைத் துண்டை எடுத்து நீட்டினார். அவர் கை ஆடிய ஆட்டத்தில் துண்டு கீழே விழுந்தது. அம்மா இன்னொன்றை எடுத்து அவர் வாயிலேயே வைத்தார். பிறகு பேரீச்சை. பிறகு கடலை. சென்னியப்பன் கண்ணை மூடி மென்றார். நடுக்கம் மணிக்கட்டு வரை இறங்கி, விரல் வரை இறங்கி, கொஞ்சம் கொஞ்சமாக நின்றது.

"நீங்க வழியில ஒண்ணும் திங்கலீங்களா?" என்றார் அம்மா.

"எதைத் திங்கறது?"

"என் மூட்டை இருந்துச்சே."

"அது உங்களுதுங்களே."

அம்மா கையை நீட்டினார்.

"குடுங்க."

சென்னியப்பன் சட்டையைப் பிரித்தார். என்ன சுற்றி என்ன பிரயோஜனம்? பொரி நனைந்து சவசவவென்று ஒட்டிக் கிடந்தது. வெல்லம் பாதி கரைந்திருந்தது. அந்த மங்கிய வெளிச்சத்திலும் அது முன்பு பார்த்ததைவிடக் கொஞ்சமாகத் தெரிந்தது. அவருக்கு முகம் எரிந்தது.

"இவ்வளவுதானுங்க கட்டுனேன் உங்களுக்கு," என்றார். "நல்லதெல்லாம் என் மூட்டையில வெச்சுக்கிட்டேன். தெரிஞ்சே செஞ்சேன்."

"தெரியும்."

"எப்பத் தெரியும்?"

"தூக்குனப்பவே. உங்களுது கனமா இருந்துச்சு."

அம்மா நனைந்த பொரியை விரலால் வழித்துத் தின்றார். ஒரு பருக்கை விடாமல் தின்றார். சென்னியப்பன் பார்த்துக்கொண்டிருந்தார். மஞ்சு பாறையைச் சுற்றி நகர்ந்துகொண்டிருந்தது. கீழே காட்டில் மறுபடி ஒரு கிளை முறிந்தது. இருவரும் ஒரு நொடி மூச்சை நிறுத்திக் கேட்டார்கள். சத்தம் தூரமாகப் போனது.

"அம்மா, ஒண்ணு சொல்லட்டுங்களா?"

"சொல்லுங்க."

"பயம் போகணும்னுதான் உங்ககிட்ட வந்தேன். நீங்க மலைக்குக் கூட்டியாந்தீங்க. நானும் என்னென்னவோ நெனச்சு ஏறுனேன். ஆனா இன்னைக்கு நான் பயந்த மாதிரி என் ஆயுசுல பயந்ததில்லீங்க. லாரிக்குள்ளகூட இவ்வளவு பயமில்லை. பசி வந்தா அது வரத்தான் செய்யுது. அப்படியேதான் இருக்குது. துளிகூடப் போகலீங்க."

நடையம்மா காலியான துணியை உதறி மடித்தார்.

"இந்த மூட்டையக் கட்டுனப்ப, எனக்குப் பசிக்கும்னு உங்களுக்குத் தெரிஞ்சுதுங்களா?"

"இல்லீங்க."

"எப்பத் தெரிஞ்சுது?"

சென்னியப்பன் பதில் சொன்னபோது அந்தக் கட்டைக் குரல் அவருக்கே கேட்கவில்லை.

"மஞ்சுக்குள்ளங்க. எனக்குக் கை ஆட ஆரம்பிச்சப்ப."

"அப்பறம் அந்தப் பயத்த எதுக்குங்கண்ணா போகச் சொல்றீங்க?"